பட்டத்தை விடு, ஊருக்குத் திரும்பு: இது யாருக்கான யோசனை?

நெல்லை, தென்காசி மாவட்டங்களில் எந்தக் கல்லூரியின் வேலைவாய்ப்புக் கூட்டத்துக்குப் போனாலும் ஸ்ரீதர் வேம்பு என்ற பெயர் வராமல் அந்தக் கூட்டம் முடிவதில்லை. வேட்டி கட்டிக்கொண்டு வயல் பக்கம் சைக்கிளில் போகும் அவருடைய படம் திரையில் ஓடும். அமெரிக்காவில் இருந்தவர் குற்றால மலையடிவாரத்துக்கு வந்து குடியிருக்கிறார், கல்லூரிக்கே போகாத பிள்ளைகளை வைத்து உலகத்துக்கு மென்பொருள் விற்கிறார், உங்களால் ஏன் முடியாது என்று பேச வந்தவர் கேட்பார். அரங்கம் கைதட்டும். அந்த அரங்கத்தின் கடைசி வரிசைகளில் எங்கள் பிள்ளைகளும் உட்கார்ந்து கைதட்டுகிறார்கள். அதனால்தான் இதை எழுத வேண்டியிருக்கிறது.

முதலில் அவருடைய தொழில் வாழ்க்கையைக் கூட்டாமல் குறைக்காமல் பார்த்துவிடுவோம். 1968-ல் பிறந்தவர், தஞ்சைப் பக்கத்துக் குடும்பம். அப்பா சென்னை உயர் நீதிமன்றத்தில் சுருக்கெழுத்தர். பள்ளிப்படிப்பு தமிழ் வழியில். 1989-ல் சென்னை ஐ.ஐ.டி.யில் மின் பொறியியல் பட்டம், 1994-ல் அமெரிக்காவின் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம், பிறகு சான் டியாகோவில் குவால்காம் நிறுவனத்தில் வேலை. 1996-ல் உடன்பிறந்தாரோடும் நண்பர்களோடும் தொடங்கிய நிறுவனம்தான் அட்வென்ட்நெட். தொலைத்தொடர்புக் கருவி செய்கிற கம்பெனிகளுக்கு நெட்வொர்க் மேலாண்மை மென்பொருள் விற்றது. 2001 வாக்கில் டாட்காம் சந்தை சரிந்து வாடிக்கையாளர்கள் காணாமல் போனபோது, மேனேஜ்என்ஜின் என்ற பிரிவுக்கு மாறினார்கள். ஒரு பெரிய நிறுவனத்தின் கணினிகளில் யாருக்கு என்ன அனுமதி, யார் எத்தனை மணிக்கு உள்ளே நுழைந்தார், எங்கே ஓட்டை இருக்கிறது என்று பார்த்துச் சொல்லும் சைபர் செக்யூரிட்டி மென்பொருள்களை அந்தப் பிரிவு இன்று உலகம் முழுக்க விற்கிறது. 2005-ல் ஜோஹோ என்ற பெயரில் அலுவலக மென்பொருள்கள் வந்தன. 2009-ல் நிறுவனத்தின் பெயரே ஜோஹோ ஆனது. வெளி முதலீட்டாளர்களின் பணம் வாங்காமல் வளர்ந்த நிறுவனம். 2011-ல் மத்தளம்பாறையில் அலுவலகம் திறந்தார்கள். 2019-ல் அவரே அங்கு குடிவந்தார். 2021-ல் பத்மஸ்ரீ, அதே ஆண்டு தேசியப் பாதுகாப்பு ஆலோசனைக் குழுவில் உறுப்பினர். 2025 ஜனவரியில் தலைமைச் செயல் அதிகாரி பொறுப்பை விட்டுவிட்டுத் தலைமை விஞ்ஞானி ஆகியிருக்கிறார்.

இதில் பாராட்ட வேண்டியது நிறைய இருக்கிறது. ஐ.டி. வேலை என்றால் சென்னை, பெங்களூரு என்று ரயிலேறிக்கொண்டிருந்த காலத்தில் சிற்றாற்றுக் கரையோரத்துக்கு ஒரு அலுவலகம் வந்தது சின்ன விஷயம் இல்லை. பிளஸ் டூ, டிப்ளமோ முடித்த பிள்ளைகளைக் கட்டணம் வாங்காமல் சேர்த்து, மாத உதவித்தொகையும் கொடுத்துப் பயிற்சி தரும் ஜோஹோ ஸ்கூல்ஸை இருபது ஆண்டுகளாக நடத்துகிறார்கள். லட்சக்கணக்கில் கட்டணம் பிடுங்கிக்கொண்டு ஒன்றும் சொல்லித்தராத எங்கள் பக்கத்துச் சில பொறியியல் கல்லூரிகளோடு ஒப்பிட்டால் இது எவ்வளவோ மேல். 2020-ல் ஆர்.எஸ்.எஸ். சென்னையில் நடத்திய நிகழ்ச்சிக்கு அவர் விருந்தினராகப் போனபோது எழுந்த எதிர்ப்பில் எங்களுக்கும் உடன்பாடு உண்டு. ஆனால் இந்தக் கட்டுரை அதைப் பற்றியது இல்லை. அவருடைய சாதிச் சான்றிதழைத் தேடுவதும் எங்கள் வேலை இல்லை.

எங்கள் சண்டை அந்த வாழ்க்கையிலிருந்து பிழிந்தெடுத்து எங்கள் பிள்ளைகளுக்குப் புகட்டப்படும் இரண்டு யோசனைகளோடு. ஒன்று, பட்டம் தேவையில்லை. இரண்டு, கிராமத்துக்குத் திரும்பு. தாமிரபரணிக் கரையின் பட்டியல் சாதிக் குடும்பங்கள் மூன்று தலைமுறையாகக் கையில் வைத்திருந்த ஆயுதங்களே இரண்டுதான்: ஒன்று பட்டம், இன்னொன்று ஊரை விட்டுப் போவது. அந்த இரண்டையும் கீழே போடச் சொல்லும் யோசனை எங்கிருந்து வருகிறது என்று கேட்காமல் இருக்க முடியாது.

பட்டம் தேவையில்லை என்று சொல்பவரின் கையில் இரண்டு பட்டங்கள் இருக்கின்றன. இதைச் சொன்னால், "படிப்பில் கெட்டிக்காரர், அதனால் கிடைத்தது" என்று உடனே பதில் வரும். கெட்டிக்காரர்தான், யார் மறுத்தது? சென்னை ஐ.ஐ.டி. 1959-ல் மேற்கு ஜெர்மனியின் உதவியோடு கிண்டிக் காட்டில் பொதுப்பணத்தில் கட்டப்பட்டது. அங்கே பட்டியல் சாதி, பழங்குடியினருக்கான இட ஒதுக்கீடு 1973-ல்தான் வந்தது. அதன் பிறகும் அந்த இடங்கள் எப்படி நிரம்பின, நிரம்பாமல் கிடந்தன என்பது தனிக் கதை. அஜந்தா சுப்ரமணியன் 2019-ல் வெளியிட்ட ஆய்வு நூல் இந்த ஐ.ஐ.டி.யை மையமாக வைத்தே எழுதப்பட்டது. அரசுப் பணத்தில் படித்து, அந்தப் பட்டத்தை அமெரிக்காவில் காசாக்கி, பிறகு அதற்குத் 'தகுதி' என்று மட்டும் பெயர் வைத்துவிடுகிற வழி எப்படி உருவானது என்று அவர் விளக்குகிறார். அந்த நூலைப் படித்தவர்களுக்கு 'தன்னந்தனியாக முன்னேறியவர்' என்ற சொல்லைக் கேட்டால் கொஞ்சம் சிரிப்பு வரும்.

அப்பா உயர் நீதிமன்றத்தில் சுருக்கெழுத்தர் என்பதை எளிய பின்னணி என்று எழுதுகிறார்கள். அவர்கள் அளவில் எளியதுதான். மாதம் பிறந்தால் அரசுச் சம்பளம், சென்னையில் வீடு, நீதிமன்றத் தாள்களைத் தட்டச்சு செய்யும் கை. அதே ஆண்டுகளில் அம்பாசமுத்திரம் வட்டத்தில் எங்கள் தாத்தாக்கள் என்ன செய்துகொண்டிருந்தார்கள்? திருநெல்வேலியின் விவசாய வரலாற்றை டேவிட் லடன் 1985-ல் நூலாக எழுதினார். ஆற்றுப் பாசனம் பாயும் நஞ்சை முழுக்க பிராமண, வேளாள மிராசுதார்களின் கையில் இருந்ததும், அந்த வயலில் இறங்கி உழைத்தவர்கள் பள்ளர்களாக இருந்ததும் அதில் விரிவாக இருக்கிறது. பாபநாசத்திலிருந்து கீழே வரும் தண்ணீர் ஒவ்வொரு மடையிலும் யாருடைய வயலுக்குள் போகும் என்பது நூற்றாண்டுகளாக முடிவு செய்யப்பட்ட ஒன்று. அக்ரகாரங்களில் இருந்தவர்கள் நிலத்தை விற்றுப் படிப்பாக்கிக்கொண்டு நகரத்துக்குப் போனார்கள். விற்க நிலமே இல்லாதவர்கள் எதைப் படிப்பாக்குவது?

தொழில் தொடங்க முதல் வேண்டும். வெளியார் பணம் வாங்காமல் வளர்ந்தேன் என்று சொல்வதற்கே ஒரு முதல் வேண்டும்: அமெரிக்கச் சம்பளத்தில் மிச்சம், கூட நிற்கப் படித்த உடன்பிறந்தார், ஆறு மாதம் வருமானம் வராவிட்டாலும் அடுப்பு எரியும் என்ற நிச்சயம். இதே மண்ணில் இன்னொரு பாதையும் உண்டு. ஒரு காலத்தில் கோயிலுக்குள் விடப்படாத நாடார்கள் மகமை வசூலித்து, உறவின்முறை கட்டி, 1921-ல் தூத்துக்குடியில் நாடார் வங்கியைத் தொடங்கினார்கள். அதுதான் இன்றைய தமிழ்நாடு மெர்க்கன்டைல் வங்கி. 1976-ல் எச்.சி.எல். நிறுவனத்தைத் தொடங்கிய சிவ் நாடார் திருச்செந்தூர் பக்கத்து மூலைப்பொழிக்காரர். அவரை உயர்த்தியது அவருடைய திறமைதான். ஆனால் அந்த வங்கியையும் பள்ளிகளையும் கட்டிய சமூகத்தில் பிறந்த திறமை அது. எங்களுக்கு வரவேண்டிய முதல் பஞ்சமி நிலம். 1892-ல் தொடங்கி ஒதுக்கப்பட்ட ஏறத்தாழ 12 லட்சம் ஏக்கர் என்று கணக்குச் சொல்கிறார்கள். அதில் எவ்வளவு இன்று எங்கள் கையில் இருக்கிறது என்று எந்தத் தாசில்தார் அலுவலகத்திலும் கேட்டுப் பாருங்கள். தமிழ்நாடு அரசு 2022-ல் பட்டியல் சாதி, பழங்குடித் தொழில்முனைவோருக்கென்று 30 கோடி ரூபாயில் புத்தொழில் நிதி தொடங்கி, பிறகு 50 கோடியாக உயர்த்தியது. நல்ல காரியம், வரவேற்கிறோம். இழந்த நிலத்தின் மதிப்போடு அந்தத் தொகையை வைத்துப் பார்க்க எங்களுக்கு மனம் வரவில்லை.

நிலமும் இல்லை, வங்கியும் இல்லை என்றால் மிச்சம் என்ன? காகிதம். மாஞ்சோலைக்குப் போய்ப் பார்த்தவர்களுக்கு இது தெரியும். சிங்கம்பட்டி ஜமீனிடம் 1929-ல் 99 ஆண்டுக் குத்தகைக்கு எடுத்த 8,373 ஏக்கரில் பி.பி.டி.சி. நிறுவனம் தேயிலைத் தோட்டம் நடத்தியது. தொழிலாளர்களில் பெரும்பாலோர் தலித்துகள். 1999 ஜூலை 23 அன்று கூலி உயர்வு கேட்டும், சிறையிலிருந்த 652 தொழிலாளர்களை விடுதலை செய்யக் கேட்டும் நெல்லையில் ஊர்வலம் வந்தபோது போலீஸ் தடியடி நடத்தி ஆற்றுக்குள் விரட்டியது. 17 பேர் செத்தார்கள். அவர்களில் ஒரு கைக்குழந்தையும் உண்டு. 2024-ல் நிறுவனம் விருப்ப ஓய்வு கொடுத்து எல்லோரையும் இறங்கச் சொன்னது. நான்கைந்து தலைமுறை வாழ்ந்த லைன் வீட்டுக்குப் பட்டா கிடையாது. தோட்டத்தில் ஒரு செடிகூடச் சொந்தம் கிடையாது. மலையை விட்டு இறங்கும்போது அந்தக் குடும்பங்களின் கையில் சொத்து என்று இருந்தது பிள்ளைகளின் மார்க் ஷீட்டும் பட்டச் சான்றிதழும்தான். நிலம் வைத்திருப்பவனுக்குப் பட்டம் ஒரு அலங்காரமாக இருக்கலாம். மாஞ்சோலைக்காரருக்குப் பத்திரம் அதுவே.

ஜோஹோவில் எந்த வேலைக்கும் பட்டம் கேட்பதில்லை என்று வேம்பு திரும்பத் திரும்பச் சொல்கிறார். சரி, ஜோஹோ கேட்காது. அடுத்த கம்பெனி கேட்கும். டி.என்.பி.எஸ்.சி. கேட்கும், வங்கித் தேர்வு கேட்கும், அமெரிக்காவின் எச்-1பி விசா கேட்கும். அவர் அமெரிக்காவுக்குப் போனதே முனைவர் பட்டத்துக்குப் படிக்கத்தான். ஒரே நிறுவனத்துக்குள் மட்டும் செல்லுபடியாகும் திறமையை வைத்துக்கொண்டு வெளியே வருகிற பிள்ளை, "எங்கே படித்தாய்?" என்ற கேள்விக்கு முன்னால் மறுபடி பிளஸ் டூவாக நிற்கும். முதலாளி நல்லவரா கெட்டவரா என்பது இதில் பிரச்சினையே இல்லை. பண்ணையாரின் நல்ல குணத்தை நம்பிப் பிழைத்த காலம் ஒன்று எங்களுக்கு இருந்தது. அதிலிருந்து வெளியே வந்தது எந்தப் பண்ணைக்கும் போய்க் காட்டக்கூடிய ஒரு காகிதத்தின் பலத்தில்.

சைபர் செக்யூரிட்டியில் பட்டமில்லாமல் ஜெயித்தவர் என்று இன்னொருவரையும் காட்டுவார்கள். புனேயின் குவிக் ஹீல் நிறுவனர் கைலாஷ் கட்கர். பத்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்திக் கால்குலேட்டர் ரிப்பேர் பார்த்தவர், 2016-ல் நிறுவனத்தைப் பங்குச் சந்தைக்குக் கொண்டுபோனார். உண்மையிலேயே பெரிய சாதனை. ஆனால் அந்தக் கதையில் மேடைப் பேச்சாளர்கள் தாண்டிப் போகும் ஒரு வரி இருக்கிறது. கட்கர் தன் தம்பியைக் கல்லூரியில் கணினி படிக்க வைத்தார். அந்தத் தம்பி சஞ்சய்தான் ஆன்டிவைரஸை எழுதினார். படிப்பை விட்ட அண்ணனே, வீட்டில் ஒரு ஆளாவது படித்தாக வேண்டும் என்று தெரிந்து வைத்திருந்தார்.

எங்களிடம் மாலை வகுப்புக்கு வரும் ஒரு பெண் பிள்ளை. விக்கிரமசிங்கபுரம் பக்கம். கணினி என்றால் உயிர். வைரஸ் எப்படிப் பரவும், கடவுச்சொல்லை எப்படித் திருடுகிறார்கள் என்று யூடியூபில் பார்த்து எங்களுக்கே பாடம் எடுக்கும். இந்த மாதிரி ஒரு கூட்டத்துக்குப் போய்விட்டு வந்து, "காலேஜுக்குப் போகல, நேரா வேலைக்குப் போறேன்" என்றது. அதன் அம்மா பீடி சுற்றுகிறவர். தட்டைக் கீழே வைத்துவிட்டு ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்: "எட்டி, நாளைக்கு அவன் போன்னு சொன்னா, நீ எந்த சர்டிபிகேட்டக் கொண்டு எங்க போவ?" சமூகவியலில் முதுகலை முடித்த எங்களுக்கு அதற்கு மேல் சேர்க்க எதுவும் இருக்கவில்லை.

இனி இரண்டாவது யோசனை, கிராமம். வேம்பு கிராமத்தைப் பற்றிப் பேசும்போது நல்ல காற்று, வேர், சமூக உறவு, நிதானம் என்ற சொற்கள் வரும். அவர் பொய் சொல்லவில்லை. அவருக்குக் கிடைப்பது அந்தக் கிராமம்தான். ஊருக்கு நடுவே அந்தக் காற்று வீசும். காலனிக்கு வேறு காற்று. 1948 நவம்பர் 4 அன்று அரசியல் நிர்ணய சபையில் பாபாசாகேப் கிராமத்தைப் புகழ்ந்தவர்களுக்குப் பதில் சொன்னார். அறியாமையும் குறுகிய மனமும் வகுப்புவாதமும் அடைந்து கிடக்கும் இடம் அது என்று சொல்லி, அரசியல் சட்டம் கிராமத்தை விட்டுவிட்டுத் தனி மனிதரை அடிப்படை அலகாக வைத்ததில் தனக்கு மகிழ்ச்சி என்றார். பேசி எழுபத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் ஆகிறது, நிலைமை மாறியிருக்கும் என்பவர்கள் தென்காசி மாவட்டத்துப் பாஞ்சாகுளத்தை நினைத்துப் பார்க்கட்டும். 2022 செப்டம்பரில் மிட்டாய் வாங்கப் போன பட்டியல் சாதிச் சின்னப் பிள்ளைகளிடம், ஊர்க் கட்டுப்பாடு, உங்களுக்குத் தின்பண்டம் கொடுக்க முடியாது என்று கடைக்காரர் சொன்னார். அதைத் தானே செல்போனில் படமும் எடுத்தார். அந்த வீடியோ பரவியதால் கைது நடந்தது. பரவாமல் இருந்திருந்தால்? மத்தளம்பாறை இருக்கிற அதே மாவட்டம்தான் தோழர்களே.

நெல்லை மாவட்டம் நாங்குநேரியில் 2023 ஆகஸ்டில் பன்னிரண்டாம் வகுப்பு படித்த தலித் மாணவனைக் கூடப் படித்த மாணவர்களே வீடு புகுந்து வெட்டினார்கள். தடுக்க வந்த தங்கையும் வெட்டுப்பட்டாள். அவன் செய்த குற்றம் நன்றாகப் படித்ததும், சாதியைச் சொல்லித் துன்புறுத்தியதைப் பள்ளியில் சொன்னதும். மருத்துவமனையிலிருந்து மீண்டு, அடுத்த ஆண்டு பொதுத் தேர்வில் 600-க்கு 469 மதிப்பெண் வாங்கினான். நீதிபதி சந்துரு குழு அமைக்கப்பட்டு, கையில் கட்டும் சாதிக் கயிறு முதற்கொண்டு எழுதி 2024 ஜூனில் அறிக்கை கொடுத்தது. இந்தப் பையனிடம் போய் வேர்களைத் தேடி ஊருக்குத் திரும்பு என்று யாராவது சொல்வார்களா?

ஊரை விட்டுப் போனவர்களுக்கும் கதை முடிந்துவிடவில்லை. ஏரல் பக்கம் ஆறுமுகமங்கலத்துக் கவின், 27 வயது, சென்னையில் டி.சி.எஸ். மென்பொருள் பொறியாளர். படித்தார், பட்டம் வாங்கினார், ஊரை விட்டுப் போனார், நாங்கள் எங்கள் பிள்ளைகளுக்குச் சொல்வதையெல்லாம் செய்தார். 2025 ஜூலை 27 அன்று தாத்தாவின் வைத்தியத்துக்காகப் பாளையங்கோட்டை கே.டி.சி. நகருக்கு வந்தவர் பட்டப்பகலில் வெட்டிக் கொல்லப்பட்டார். வேறு சாதிப் பெண்ணோடு பழகியதே காரணம் என்பது வழக்கு. கைதான இளைஞரின் அப்பா, அம்மா இருவருமே காவல்துறை உதவி ஆய்வாளர்கள். அப்பா கைதாகும்வரை குடும்பம் ஐந்து நாள் உடலை வாங்கவில்லை. ஆணவக் கொலைக்குத் தனிச் சட்டம் வேண்டும் என்று ஆண்டுக்கணக்காகக் கேட்டது அதன் பிறகுதான் அரசின் காதில் விழுந்து, 2025 அக்டோபரில் நீதிபதி கே.என். பாஷா தலைமையில் ஆணையம் அறிவிக்கப்பட்டது.

"பார்த்தீர்களா, பட்டமும் காப்பாற்றவில்லையே" என்று ஒரு நண்பர் எங்களிடம் வாதாடினார். காப்பாற்றவில்லைதான். கொலம்பியாவில் படித்துவிட்டு 1917-ல் பரோடாவுக்கு வேலைக்கு வந்த அம்பேத்கருக்கே தங்க ஒரு அறை கிடைக்கவில்லை. அதற்காக அவர் மிச்சப் படிப்பை விட்டுவிடவில்லை. லண்டனுக்குத் திரும்பிப் போய் முடித்தார். கவினுடைய கதை சொல்வது ஊர் இன்னும் மாறவில்லை என்பதை. மாறாத ஊருக்கு எங்கள் பிள்ளைகளைத் திரும்பக் கூப்பிடுகிறவர்கள், ஊரை மாற்ற என்ன செய்தார்கள் என்று முதலில் சொல்ல வேண்டும். ஊருக்குள் ஒரு கண்ணாடிக் கட்டடம் எழுப்பி, உள்ளே எல்லோரும் ஒன்றாக உட்கார்ந்து வேலை பார்க்கலாம். சாயங்காலம் வெளியே வந்தால் ஒருவர் மேலத் தெருவுக்கும் ஒருவர் காலனிக்கும் பிரிந்துதான் போக வேண்டும். கிராமப் பொருளாதாரம் பற்றி இவ்வளவு பேசும் ஒரு பெரிய முதலாளியிடமிருந்து, தன் வாசலுக்கு வெளியே இருக்கும் அந்தத் தெருக்களைப் பற்றியும் அதே உரக்கக் குரலில் பேச்சு வர வேண்டும். நாட்டின் கல்வி, பண்பாடு, பொருளாதாரம் எல்லாவற்றையும் பற்றி அன்றாடம் எழுதுகிறவருக்கு இது பெரிய சிரமம் இல்லை.

"தனியார் கம்பெனி, அவர் பணம், அவர் விருப்பம், உங்களுக்கென்ன?" என்ற கேள்வி நிச்சயம் வரும். இரண்டு பதில்கள் வைத்திருக்கிறோம்.

ஒன்றிய அரசு ஊழியர்களின் மின்னஞ்சல், சுமார் 12 லட்சம் கணக்குகள், ஜோஹோவின் தளத்துக்கு மாற்றப்பட்டதாக 2025-ல் செய்திகள் வந்தன. உள்துறை அமைச்சர் முதற்கொண்டு தாங்கள் ஜோஹோவுக்கு மாறியதை விளம்பரமே செய்தார்கள். அரசின் கடிதங்கள் ஒரு நிறுவனத்தின் வழியாகப் போகின்றன, அதற்கு மக்கள் பணம் போகிறது, அதன் நிறுவனர் நாட்டின் பாதுகாப்பு ஆலோசனைக் குழுவில் இருந்திருக்கிறார். இதற்குப் பிறகும் தனியார் என்று கதவைச் சாத்திக்கொள்ள முடியாது. இந்தக் கரையில் இதற்கு ஒரு முன்கதை இருக்கிறது. வெளிநாட்டில் படித்து வந்த வ.வே.சு. ஐயர் சேரன்மாதேவியில் ஒரு குருகுலம் நடத்தினார். ஆங்கிலேயக் கல்விக்கு மாற்று, தேசியக் கல்வி என்று சொன்னார். தமிழ்நாடு காங்கிரஸ் கமிட்டி நிதி கொடுத்தது. அங்கே பிராமணப் பிள்ளைகளுக்குத் தனிப் பந்தி என்பது தெரியவந்தபோது பெரியாரும் வரதராஜுலு நாயுடுவும் கேட்டது எளிய கேள்வி: பொதுப்பணத்தை வாங்கிக்கொண்டு எப்படிப் பிரித்து உட்கார வைப்பாய்? 1924-25-ல் மாநிலத்தையே உலுக்கிய சண்டை அது. ஜோஹோவில் தனிப் பந்தி இருக்கிறது என்று நாங்கள் சொல்லவில்லை, அப்படி யாரும் திரித்துவிட வேண்டாம். பொதுப்பணம் வந்த இடத்தில் கணக்குக் கேட்கும் உரிமை சேரன்மாதேவியிலேயே நிலைநாட்டப்பட்டது என்கிறோம். அந்தச் சண்டையிலும் சேரிப் பிள்ளைகள் நடுவே இருக்கவில்லை என்பது வேறு விஷயம். பிராமணர், பிராமணர் அல்லாதார் என்ற கணக்கோடு அது முடிந்துபோனது. இந்த முறை அப்படி முடிய விடமாட்டோம்.

இரண்டாவது பதில் அவர்களுடைய தொழிலிலேயே இருக்கிறது. மேனேஜ்என்ஜின் விற்பது என்ன? யார் எந்தக் கதவைத் திறந்தார், யாருக்கு அனுமதி மறுக்கப்பட்டது என்று நொடிக்கு நொடி பதிவு வைக்கும் மென்பொருள். பதிவு இல்லாத இடத்தில் பாதுகாப்பும் இல்லை என்பது அந்தத் துறையின் பாலபாடம். 2021 செப்டம்பரில் அவர்களுடைய மென்பொருள் ஒன்றில் இருந்த ஓட்டை வழியாகத் தாக்குதல் நடக்கிறது என்று எஃப்.பி.ஐ. உட்பட அமெரிக்க அமைப்புகள் எச்சரித்தன. எங்களைக் குறை சொல்கிறார்கள் என்று நிறுவனம் கோபித்துக்கொள்ளவில்லை, ஓட்டையை அடைத்தது. ஓட்டையைக் காட்டிக் கொடுக்கும் வெளியாளுக்குப் பரிசு கொடுக்கும் தொழில் இது. சாதி என்ற ஓட்டையைக் காட்டினால் மட்டும் ஏன் "எங்கள் கம்பெனியில் அதெல்லாம் பார்ப்பதில்லை" என்ற ஒரே பதில் வருகிறது? வேலைக்கு எடுத்தவர்களில், பதவி உயர்ந்தவர்களில், பயிற்சியிலிருந்து பாதியில் நின்றவர்களில் பட்டியல் சாதியினர் எத்தனை பேர் என்று கணக்கு வெளியிடும் வழக்கமே இந்தியத் தனியார் மென்பொருள் துறையில் இல்லை. தமிழ்நாட்டு மக்களில் ஐந்தில் ஒருவர் பட்டியல் சாதி. பார்ப்பதில்லை என்றால் எண்ணிப் பார்த்து நிரூபிப்பதில் என்ன தயக்கம்?

எண்ணாமல் விட்டால் என்ன நடக்கும் என்பதற்கு நெட்வொர்க் தொழிலின் பெரிய நிறுவனமான சிஸ்கோவே உதாரணம். தலித் பொறியாளர் ஒருவர் சாதிப் பாகுபாட்டுக்கு ஆளானார் என்று 2020-ல் கலிபோர்னியா மாநில அரசு அந்த நிறுவனத்தின் மேல் வழக்குப் போட்டது. அவர் ஐ.ஐ.டி.யில் இட ஒதுக்கீட்டில் சேர்ந்தவர் என்பதைக் கூடப் படித்த மேலதிகாரி மற்றவர்களிடம் சொன்னார் என்பதுதான் புகாரின் தொடக்கம். மேலதிகாரிகள் இருவர் மீதான வழக்கு 2023-ல் திரும்பப் பெறப்பட்டது, நிறுவனத்தின் மீதான வழக்கு தொடர்ந்தது. பசிபிக் கரை வரை போன சாதி, சிற்றாற்றுக் கரையில் மட்டும் கரைந்துவிட்டது என்றால் நம்ப வேண்டுமா? எங்கள் பக்கத்தில் அது இன்னும் நயமாக வரும். தமிழர்களுக்குப் பெயரின் பின்னால் சாதி கிடையாது என்று பெருமைப்படுவோம். எங்களிடம் படித்த ஒரு பையன் ஒரு சின்ன மென்பொருள் நிறுவனத்தின் நேர்முகத்துக்குப் போனான். கோடிங் பற்றி நான்கு கேள்வி. பிறகு "தம்பிக்கு எந்த ஊர்? அங்க எந்தத் தெரு? கோயிலுக்கு மேற்கயா, கிழக்கயா?" அவ்வளவுதான். வெளியே வந்து போனில் எங்களிடம் சொன்னது: "அண்ணே, லாகின் ஆயிட்டு அண்ணே, ஆனா ஆக்சஸ் டினைடு."

ஆகவே எங்கள் கோரிக்கை ஜோஹோவை மட்டும் நோக்கியது இல்லை. கங்கைகொண்டான் எல்காட் பூங்காவில் அரசு நிலத்தில் இயங்கும் நிறுவனங்கள், அரசின் ஒப்பந்தம் வாங்கும் மென்பொருள் நிறுவனங்கள் எல்லாம் ஆண்டுக்கு ஒருமுறை சாதிவாரிக் கணக்கை வெளியிட வேண்டும் என்று தமிழ்நாடு அரசு நிபந்தனை போடட்டும். சட்டம் இயற்றவே வேண்டாம், ஒப்பந்தத்தில் ஒரு வரி போதும். 2006-ல் சி.ஐ.ஐ.யும் அசோசேமும் தனியார் துறையில் ஒதுக்கீட்டைத் தவிர்க்க, தாங்களாகவே முன்வந்து செய்வோம் என்று நடத்தை விதி எழுதிக் கொடுத்தன. இருபது ஆண்டு ஆகிறது. அந்தத் தாளை இப்போது எடுத்துப் பார்க்கலாம்.

வேம்புவிடம் தனியாகக் கேட்பது ஒன்று உண்டு. ஜோஹோ ஸ்கூல்ஸில் சேரும் ஒவ்வொரு பிள்ளைக்கும், இரண்டு ஆண்டு முடிவில் எங்கும் செல்லும் ஒரு பட்டமோ பட்டயமோ கையில் இருக்கும்படி ஒரு பல்கலைக்கழகத்தோடு ஒப்பந்தம் போடட்டும். அபிஷேகப்பட்டியில் மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகம் இருக்கிறது, மத்தளம்பாறையிலிருந்து ஒரு மணி நேரப் பயணத்தில். தனக்குப் பட்டம் தேவையில்லை என்று நிறுவனம் நினைப்பது அதன் உரிமை. அந்தப் பிள்ளைக்குத் தேவை.

அதுவரை பிளஸ் டூ முடிக்கும் எங்கள் பிள்ளைகளுக்குச் சொல்வது இதுதான். ஜோஹோவுக்கு விண்ணப்பம் போடுங்கள், தாராளமாகப் போடுங்கள், கிடைத்தால் போங்கள். போகும் அதே மாதத்தில் தமிழ்நாடு திறந்தநிலைப் பல்கலைக்கழகத்திலோ இக்னோவிலோ பி.சி.ஏ. சேர்ந்துவிடுங்கள். சாதிச் சான்றிதழையும் முதல் பட்டதாரிச் சான்றிதழையும் இ-சேவை மையத்தில் இப்போதே பதிந்து வாங்கி வையுங்கள். கடைசி வாரத்தில் சர்வர் படுத்துவிடும். படிவம் நிரப்பத் தெரியாதவர்கள் ஞாயிற்றுக்கிழமை காலையில் எங்கள் மையத்துக்கு வாருங்கள், ஆதாரும் மார்க் ஷீட் நகலும் கொண்டு வந்தால் போதும்.